'விரைந்து முடிக்குமாறு…': ஒரு கட்டளைத் தொடரின் பொருள்

இந்திய உயர் நீதிமன்றங்களின் குற்றவியல் ஆணைகளைத் தொடர்ந்து வாசிப்போருக்கு ஒரு தொடர் நன்கு பழகியிருக்கும். அது பெரும்பாலும் கடைசிப் பத்தியில் வரும். பிணை கோரிய மனு ஏன் ஏற்கத்தக்கதன்று என்பதற்கான காரணங்கள் அதற்கு முன் வரிசையாக அடுக்கப்பட்டிருக்கும்: குற்றத்தின் தன்மை, சாட்சிகளைக் கலைக்கும் வாய்ப்பு, மனுதாரரின் முந்தைய வழக்குகள். பிறகு 'எனினும்' என்றொரு சொல். அதைத் தொடர்ந்து, வழக்கைக் கூடிய விரைவில், இயன்றால் ஆறு மாதங்களுக்குள், விசாரித்து முடிக்குமாறு விசாரணை நீதிமன்றம் பணிக்கப்படுகிறது என்று ஆணை நிறைவுபெறும். மனுதாரர் கேட்டது விடுதலை. அவருக்குக் கிடைத்தது ஒரு வினையடை.

அந்த வினையடைக்கு இந்திய நீதித்துறையில் நீண்ட வரலாறு உண்டு. விரைவான விசாரணை ஓர் அடிப்படை உரிமை என்பதைச் சட்டத்துறையினர் பலவாறு விளக்கியுள்ளனர். ஆயினும் அவ்வுரிமை நடைமுறையில் ஒரு வாக்கியமாகவே கைதியை வந்தடைகிறது. எனவே அதனை வாக்கியமாகவே வைத்துப் பார்ப்பதும் பயனுடையது. இங்கு எழுவாய் யார்? செயலைச் செய்ய வேண்டியவர் யார்? கட்டாயத்தின் அளவு என்ன? இலக்கண வகுப்பின் முதல் வாரத்தில் கேட்கப்படும் இம்மூன்று வினாக்களும் லட்சக்கணக்கான மனிதர்களின் ஆண்டுகளோடு தொடர்புடையவை.

முதலில் கட்டாயத்தின் அளவு. மேல் நீதிமன்றங்களின் ஆணைகளில் விசாரணை நீதிமன்றம் சில வேளை 'பணிக்கப்படுகிறது'. சில வேளை 'கேட்டுக்கொள்ளப்படுகிறது'. வேறு சில வேளைகளில் அது விரைந்து முடிக்கும் என 'எதிர்பார்க்கப்படுகிறது', அல்லது முடிக்க 'முயல வேண்டும்' என்று சொல்லப்படுகிறது. கட்டளையில் தொடங்கி வேண்டுகோள் வழியாக விருப்பம் வரை இறங்கிச் செல்லும் படிகள் இவை. 'கூடிய விரைவில்', 'இயன்றால்' என்னும் தளர்த்திகள் கட்டாயத்தை மேலும் நெகிழ்த்துகின்றன. நெகிழ்வு இருக்கத்தான் வேண்டும். வழக்குகள் ஒரே அச்சில் வார்க்கப்பட்டவை அல்ல. ஆயினும் அத்தனை தளர்த்திகளும் சேர்ந்த பின் எஞ்சுவது கட்டளையா, ஆறுதலா என்பது கேட்கத்தக்க கேள்வியே.

அடுத்து, செய்பவர். தமிழில் 'முடிதல்' வேறு, 'முடித்தல்' வேறு. வழக்கு முடிந்தது என்னும்போது யார் முடித்தார் என்பது வேண்டப்படுவதில்லை. முடித்தார் என்னும்போது ஒருவர் பொறுப்பேற்கிறார். மேல் நீதிமன்றத்தின் ஆணை 'முடிக்குமாறு' என்று பேசுகிறது. அதாவது, முடிக்கும் ஆற்றல் விசாரணை நீதிபதியிடம் முழுமையாக இருக்கிறது என்னும் முற்கோள் அவ்வினைக்குள்ளேயே அடங்கியிருக்கிறது. ஆனால் ஒரு குற்ற வழக்கு நகர வேண்டுமெனில் காவல்துறை குற்றப்பத்திரிகையையும் ஆவணங்களையும் அளித்தாக வேண்டும். தடய அறிவியல் ஆய்வகத்தின் அறிக்கை வந்தாக வேண்டும். அழைப்பாணை சாட்சியின் கையில் சேர்ந்தாக வேண்டும். இடமாற்றலாகிச் சென்ற விசாரணை அதிகாரி கூண்டேற வந்தாக வேண்டும். கைதியைச் சிறையிலிருந்து அழைத்துவர வழிக்காவலர்கள் இருந்தாக வேண்டும். அரசு வழக்குரைஞரும் எதிர்த்தரப்பு வழக்குரைஞரும் ஒரே நாளில் ஆயத்தமாக இருந்தாக வேண்டும். இவர்களில் எவரும் அந்த வாக்கியத்தில் இல்லை. பலர் சேர்ந்து செய்ய வேண்டிய வினைக்கு ஆணை ஒருவரை மட்டுமே கருத்தாவாக்குகிறது.

இந்த உரிமை எப்படிப் பிறந்தது என்பதை நினைவுகூர்வது இங்கு அவசியமாகிறது. 1979 ஜனவரியில், தேசியக் காவல் ஆணைய உறுப்பினராக இருந்த கே.எஃப். ருஸ்தம்ஜி பீகார்ச் சிறைகளின் நிலையை 'இந்தியன் எக்ஸ்பிரஸ்' நாளிதழில் எழுதினார். அதை அடிப்படையாகக் கொண்டு வழக்குரைஞர் புஷ்பா கபிலா ஹிங்கோரானி உச்ச நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுத் தாக்கல் செய்தார். 'உசைனாரா காத்தூன் எதிர் பீகார் மாநில உள்துறைச் செயலர்' என்னும் பெயரில் சட்ட வரலாற்றில் நிலைபெற்ற வழக்கு அது. குற்றம் மெய்ப்பிக்கப்பட்டால் எவ்வளவு காலம் தண்டனை பெறுவார்களோ அதைவிடக் கூடுதலான காலத்தை விசாரணையின்றியே சிறையில் கழித்தவர்கள் அங்கிருந்தனர். எக்குற்றமும் சாட்டப்படாமல், 'பாதுகாப்பு' என்னும் பெயரில் அடைக்கப்பட்டிருந்த பெண்களும் இருந்தனர். அமெரிக்க அரசமைப்பின் ஆறாம் திருத்தத்தில் விரைவான விசாரணை என்னும் சொற்களே இடம்பெற்றுள்ளன. இந்திய அரசமைப்பின் 21ஆம் பிரிவில் அச்சொற்கள் இல்லை. நீதிபதி பி.என். பகவதி தலைமையிலான அமர்வு, சட்டம் வகுத்த நடைமுறை என்பது நியாயமான நடைமுறையாக இருக்க வேண்டும்; விரைவற்ற விசாரணை நியாயமான நடைமுறை ஆகாது என்று கூறி, இல்லாத சொல்லை அப்பிரிவின் பொருளுக்குள் கண்டெடுத்தது.

அவ்வழக்கில் பலரும் கவனியாது கடந்துபோகும் ஒரு செய்தி உண்டு. அன்று நீதிமன்றம் வழக்குகளை விரைந்து நடத்துங்கள் என்று கூறுவதோடு நின்றுவிடவில்லை. அது கைதிகளை விடுவித்தது; தனிப் பிணைப்பத்திரத்தின் பேரில், சிலரை எந்நிபந்தனையும் இன்றி. விரைவான விசாரணைக்கான உரிமை இந்தியாவில் பிறந்தபோது அதனோடு ஒட்டிப் பிறந்தது சிறைக்கதவின் திறப்பு. பின்னாட்களில் உரிமையின் பெயர் நிலைத்தது. அதன் உடன்பிறப்பு மெல்ல விலகிப்போனது.

விலகலின் கதை ஏறத்தாழ கால் நூற்றாண்டுக்கு நீள்கிறது. 1992இல் ஏ.ஆர். அந்துலே வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு இவ்வுரிமையை விரிவாக ஆராய்ந்தது. தாமதத்திற்கு யார் காரணம், குற்றத்தின் தன்மை என்ன, குற்றம் சாட்டப்பட்டவருக்கு நேர்ந்த பாதிப்பு என்ன என்பனவற்றையெல்லாம் சீர்தூக்கியே முடிவு செய்ய வேண்டும். எல்லா வழக்குகளுக்கும் பொதுவான காலவரம்பை விதிக்க இயலாது என்று அது கருதியது. 1996க்கும் 1999க்கும் இடையில் சிறிய அமர்வுகள் சில, குறிப்பிட்ட ஆண்டுகள் கடந்தால் அரசுத் தரப்புச் சாட்சியத்தை முடித்துவிட வேண்டும், சிலவகை வழக்குகளில் விடுவித்தும் விட வேண்டும் என்று காலவரம்புகளை வகுத்தன. 2002 ஏப்ரலில் பி. ராமச்சந்திர ராவ் வழக்கில் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு அவ்வரம்புகளைச் செல்லாதவையாக்கியது. நீதிமன்றம் சட்டம் இயற்றலாகாது என்பதும், அந்துலே வழக்கின் பெரிய அமர்வுக்கு அவ்வரம்புகள் முரணானவை என்பதும் காரணங்கள். உரிமை உண்டு, அதற்கு எண் இல்லை என்னும் நிலை அன்று உறுதிப்பட்டது. எண்ணை எல்லா வழக்குகளுக்கும் பொதுவில் சொல்ல இயலாதபோது, ஒவ்வொரு வழக்கிலும் தனித்தனியே சொல்லும் பழக்கம் பெருகியது.

பொதுவான கட்டளைகளும் நின்றுவிடவில்லை. நாடாளுமன்ற, சட்டமன்ற உறுப்பினர்கள் மீதான குறிப்பிட்ட வகைக் குற்ற வழக்குகளைக் குற்றச்சாட்டு வனைந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள், இயன்றவரை அன்றாடம் விசாரித்து, முடிக்க வேண்டும் என 2014 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. 2023 நவம்பரில் அதே பொருள் மீண்டும் அதன்முன் வந்தது. இம்முறை ஒரே சீரான வழிமுறையை வகுப்பது கடினம் என்று கூறி, கண்காணிப்புப் பொறுப்பை ஒவ்வோர் உயர் நீதிமன்றத்திடமும் அது ஒப்படைத்தது. 2017 மார்ச்சில் வேறொரு வழக்கில், சிறையில் உள்ளோரின் வழக்குகளை நடுவர் நீதிமன்றங்கள் ஆறு மாதங்களுக்குள்ளும் அமர்வு நீதிமன்றங்கள் இரண்டு ஆண்டுகளுக்குள்ளும் முடிக்க முயலும் வகையில் உயர் நீதிமன்றங்கள் அறிவுறுத்த வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியிருந்தது. கட்டளை திரும்பத் திரும்ப எழுதப்படுவதே அது நிறைவேறாமைக்குச் சான்று.

நிறைவேறாமையின் அன்றாட வடிவத்திற்குத் தமிழில் ஒரு சொல் உண்டு: வாய்தா. வாக்குறுதி என்று பொருள்படும் அரபுச் சொல்லிலிருந்து பாரசீகம், உருது வழியாகத் தமிழுக்கு வந்து, நிலவரித் தவணைக்கும் நீதிமன்ற ஒத்திவைப்புக்கும் பெயரானது அது. வட இந்திய நீதிமன்ற வளாகங்களில் அதே பொருளுக்கு வழங்குவது 'தாரீக்'. நாள் என்று பொருள். அதன் மூலமான அரபுச் சொல்லுக்கு வரலாறு என்னும் பொருளும் உண்டு. வாக்குறுதி, நாள், வரலாறு என மூன்று பொருள்களும் ஒரு விசாரணைக் கைதியின் வாழ்வில் ஒன்றன்பின் ஒன்றாக வந்து சேர்கின்றன.

சாட்சி விசாரணை தொடங்கிவிட்டால் அது நாள்தோறும் தொடர வேண்டும் என்பது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 309ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 346ஆம் பிரிவு. ஆகவே 'விரைந்து முடிக்குமாறு' என்னும் மேல் நீதிமன்ற ஆணை, ஏற்கெனவே உள்ள சட்டத்தைத்தான் மறுபடி கூறுகிறது. சட்டம் எல்லாருக்கும் சொன்னதை ஆணை ஒருவருக்கு மட்டும் சொல்கிறது. 2015இல் பஞ்சாபைச் சேர்ந்த ஒரு கையூட்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் சுட்டிக்காட்டிய நிகழ்வு இப்பிரிவின் நிலையைக் காட்டும்: முதல் விசாரணையில் அரசுத் தரப்பை ஆதரித்துப் பேசிய சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய ஓராண்டு எட்டு மாதங்கள் ஒத்திவைப்பு அளிக்கப்பட்டிருந்தது. இடைப்பட்ட காலத்தில் சாட்சி பிறழ்ந்துவிட்டார். வாய்தாவுக்குள் நேரம் மட்டும் கழிவதில்லை, உண்மையும் கழிகிறது.

தாமதம் எப்போதும் கீழே மட்டும் பிறப்பதுமில்லை. 2012இல் இம்தியாஸ் அகமது வழக்கில் உச்ச நீதிமன்றம், கொலை, பாலியல் வன்கொடுமை, ஆள்கடத்தல், கொள்ளை போன்ற கொடுங்குற்ற வழக்குகளில் உயர் நீதிமன்றங்களே பிறப்பித்த தடை ஆணைகளைப் பற்றிய விவரங்களைத் திரட்டிப் பார்த்தது. தடைபட்டுக் கிடந்த வழக்குகளில் ஏறத்தாழ 9 விழுக்காடு, தடை பிறந்து 20 ஆண்டுகளைக் கடந்திருந்தன, ஏறத்தாழ 21 விழுக்காடு 10 ஆண்டுகளைக் கடந்திருந்தன, சராசரி 7.4 ஆண்டுகள். விரைந்து முடிக்குமாறு சொல்லும் அதே மன்றத்தின் மற்றொரு கோப்பில் விசாரணையை நிறுத்திவைக்கும் ஆணை உறங்கிக்கொண்டிருந்தது. இதற்கு மருந்தாக 2018இல் ஏஷியன் ரீசர்ஃபேசிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு, காரணம் கூறி நீட்டிக்கப்படாத தடை ஆறு மாதங்களில் தானாகவே நீங்கிவிடும் என்றது.

2024 பிப்ரவரி 29 அன்று, அலகாபாத் உயர் நீதிமன்ற வழக்குரைஞர் சங்கம் தொடுத்த வழக்கில், ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசமைப்பு அமர்வு அந்தத் தானியங்கு விதியை நீக்கியது. தரப்பினரைக் கேளாமலேயே ஒருவருக்குக் கிடைத்த பாதுகாப்பு காலக்கெடுவால் மறைந்துபோவது நீதியாகாது என்பது அதன் கருத்து. அதே தீர்ப்பு மற்றொன்றும் கூறியது: மேல் நீதிமன்றங்கள் பிற நீதிமன்றங்களில் நிலுவையிலுள்ள வழக்குகளுக்குச் சாதாரணமாகக் காலவரம்பு விதிக்கலாகாது, அசாதாரணச் சூழல்களில் மட்டுமே அவ்வாறு செய்யலாம், எந்த வழக்குக்கு முன்னுரிமை தர வேண்டும் என்பதை அந்தந்த நீதிமன்ற நீதிபதியின் கைக்கே விடுவது நன்று, களநிலையை அறிந்தவர் அவரே.

இக்கூற்றின் முழு எடையை உணர ஓர் அமர்வு நீதிபதியின் மேசையைக் கற்பனை செய்துகொள்ளலாம். அவர் முன் அன்றைய பட்டியலில் பல பத்து வழக்குகள். ஒரு கோப்பின் மேல் உயர் நீதிமன்ற ஆணையின் நகல் இருக்கிறது. ஆறு மாதங்களில் நான்கு கழிந்துவிட்டன. அக்கோப்பை அவர் முதலில் எடுப்பார், எடுத்தாக வேண்டும். அதற்காகத் தள்ளிவைக்கப்படும் கோப்பில், அதைவிட மூன்று ஆண்டுகள் கூடுதலாகச் சிறையிலிருக்கும் ஒருவரின் பெயர் இருக்கக்கூடும். அவர் உயர் நீதிமன்றத்தை அணுகவில்லை. வழக்குரைஞருக்குக் கொடுக்கப் பணம் இல்லாமல் இருந்திருக்கலாம். அணுகலாம் என்பதே தெரியாமல் இருந்திருக்கலாம். விரைவுக்கான ஆணை நேரத்தைப் புதிதாகப் படைப்பதில்லை. வரிசையின் பின்னால் நிற்பவரிடமிருந்து எடுத்து, கேட்டவருக்குக் கொடுக்கிறது. குறித்த காலத்தில் முடியாவிட்டாலோ, விசாரணை நீதிபதி கால நீட்டிப்புக் கோரி மேலே எழுதுகிறார். அக்கடிதம் அங்கே இன்னொரு கோப்பாகிறது.

இதனை உச்ச நீதிமன்றமே வெளிப்படையாகக் கூறியது. 2024 நவம்பரில், மகாராஷ்டிரத்திலிருந்து வந்த ஒரு வழக்கில், பிணையை மறுத்துவிட்டு விசாரணைக்குக் காலவரம்பு விதிக்கும் உயர் நீதிமன்றங்களின் போக்கை அது கவலையுடன் குறிப்பிட்டது. பிணை கிடைக்காதவருக்கு ஏதோவொரு மனநிறைவை அளிப்பதற்காக அவ்வாறு செய்யப்படுகிறது போலும். ஆனால் அத்தகைய ஆணைகள் நிறைவேற்றக் கடினமானவை, பொய்யான நம்பிக்கையைத் தருபவை. மேல் நீதிமன்றத்துக்கு வந்தார் என்பதற்காகவே ஒருவர் வரிசையைத் தாண்டலாகாது என்னும் கருத்துகள் அவ்வாணையில் உள்ளன. கடைசிப் பத்தியின் வினையடைக்கு இதைவிடத் துல்லியமான பொருண்மையியல் விளக்கம் வேண்டியதில்லை: அது பணிப்பதற்காக எழுதப்படுவதைவிட, மறுப்பின் கூர்மையை மழுக்குவதற்காகவே பெரிதும் எழுதப்படுகிறது.

எல்லா ஆணைகளும் வீணாகின்றன என்று முடிவுகட்டுவதும் பிழையாகும். ரயில்வே அமைச்சர் லலித் நாராயண் மிஸ்ரா 1975 ஜனவரியில் சமஸ்திபூர் குண்டுவெடிப்பில் காயமுற்று இறந்தார். அவ்வழக்கின் விசாரணை பீகாரிலிருந்து தில்லிக்கு மாற்றப்பட்டது. ஆண்டுகள் பல உருண்டன. 2012 ஆகஸ்டில், இத்தனை ஆண்டுத் தாமதத்தின் பின் வழக்கையே கைவிட வேண்டும் என்னும் கோரிக்கையை உச்ச நீதிமன்றம் மறுத்து, வழக்கை நாள்தோறும் விசாரித்து விரைந்து முடிக்கப் பணித்தது. 2014 டிசம்பரில் தீர்ப்பு வந்தது. 37 ஆண்டுகளில் முடியாதது இரண்டே ஆண்டுகளில் முடிந்தது. ஆணை பயன் தந்தது என்பதில் ஐயமில்லை. ஒத்திவைப்புக் கேட்டு நிற்கும் வழக்குரைஞரிடம் காட்டுவதற்கு விசாரணை நீதிபதியின் கையில் அத்தகைய ஆணை ஒரு வலுவான பிடிமானமும் ஆகிறது. ஆனால், ஓர் அமைச்சரின் மரணம் பற்றிய வழக்குக்கே ஏறத்தாழ 40 ஆண்டுகள் ஆயின என்பதையும் அதே நிகழ்வு சொல்கிறது.

விரைவு தன்னளவில் நன்மையும் அன்று. 2013இல் மத்தியப் பிரதேசத்தின் கண்டுவாவில் ஒரு சிறுமி கொல்லப்பட்ட வழக்கில், ஜனவரி இறுதியில் நடந்த குற்றத்துக்கு மார்ச் தொடக்கத்திலேயே மரண தண்டனை விதிக்கப்பட்டது. குற்றம் சாட்டப்பட்டவருக்காகச் சட்ட உதவி வழக்குரைஞர் அமர்த்தப்பட்ட அதே நாளில் குற்றச்சாட்டும் வனையப்பட்டது. 2019 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், தன் தரப்பை ஆயத்தம் செய்ய உண்மையான வாய்ப்பு அவருக்கு அளிக்கப்படவில்லை என்று கூறித் தண்டனையை நீக்கி, புது விசாரணைக்கு உத்தரவிட்டது. 2024 மார்ச்சில் அவர் குற்றமற்றவர் என விடுவிக்கப்பட்டார். சில வாரங்களில் முடிந்ததாகக் கருதப்பட்ட வழக்கு 11 ஆண்டுகளுக்கு மேல் நீடித்தது. அவ்வளவு காலமும் அவர் சிறையில் இருந்தார். கொல்லப்பட்ட குழந்தையின் குடும்பத்துக்கும் விடை கிடைக்கவில்லை. விரைவு என்னும் சொல்லை நீதிமன்றங்கள் கையாளும்போது, 'நியாயமான' என்னும் அடை அதற்கு முன்னால் ஒலிக்காமலே உடனிருக்க வேண்டியிருக்கிறது.

இத்தனைக்கும் நடுவே எண்கள் தம் போக்கில் நிற்கின்றன. மாவட்ட நீதிமன்றங்களில் நிலுவையிலுள்ள வழக்குகள் நான்கு கோடிக்கு மேல். அவற்றில் மூன்று கோடிக்கு மேற்பட்டவை குற்ற வழக்குகள். 2022ஆம் ஆண்டின் சிறைப் புள்ளிவிவரப்படி, இந்தியச் சிறைகளில் இருந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர், அதாவது நான்கில் மூவர், விசாரணைக் கைதிகள். பத்து லட்சம் மக்களுக்கு 50 நீதிபதிகள் வேண்டும் என்று சட்ட ஆணையம் 1987இல் பரிந்துரைத்தது. அவ்வளவை ஐந்து ஆண்டுகளுக்குள் படிப்படியாக எட்ட வேண்டும் என்று 2002இல் உச்ச நீதிமன்றம் பணித்தது. இன்றும் அதில் பாதியைக்கூட எட்டவில்லை. ஆக, காலவரம்புடன் கூடிய அந்த ஆணையும் நிலுவையில்தான் இருக்கிறது. அதை நிறைவேற்ற வேண்டியவர் எவரும் சிறையில் இல்லை என்பது மட்டுமே வேறுபாடு.

இனி யாரை நோக்கி இவ்வாக்கியம் பேசுகிறது என்னும் கேள்வி. 'கீழமை நீதிமன்றம்' என்னும் சொல்லில் படிநிலை பொதிந்துள்ளது. அரசமைப்பின் அத்தியாயத் தலைப்பிலும் அவை 'சார்நிலை நீதிமன்றங்கள்'தாம். விசாரணை நீதிமன்றங்களைக் கீழ் நீதிமன்றங்கள் என்று குறிப்பிட வேண்டாம் என 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தன் பதிவகத்துக்குச் சொன்னது நல்ல திருத்தம். ஆயினும் ஒரு பெயர் மாறுவதால் வாக்கியத்தின் திசை மாறுவதில்லை. ஆணை மேலிருந்து கீழ்நோக்கிச் செல்கிறது. களத்தின் தட்டுப்பாடுகள் கீழிருந்து மேல்நோக்கிச் செல்ல அத்தகைய செம்மையான வாக்கிய வடிவம் எதுவும் உருவாகவில்லை. மேலும், உயர் நீதிமன்றத்தின் ஆணை ஆங்கிலத்தில் அமைகிறது. விசாரணை நீதிமன்றமோ மாநில அரசு வரையறுத்த மொழியில் இயங்குகிறது. எவருடைய காலம் பேசப்படுகிறதோ அவர், தம்மைப் பற்றிய அந்த ஒற்றை வரியைத் தாமே படித்தறிய இயலாதவராகவே பெரும்பாலும் இருக்கிறார். வழக்குரைஞரோ சிறை அலுவலரோ சொன்னால்தான் உண்டு. அவர் காதில் 'ஆறு மாதம்' என்பது மட்டும் விழுகிறது. 'இயன்றால்' விழுவதில்லை.

ஆறு மாதம் கழிந்த பின் என்ன நேரும் என்பதற்கு அண்மைச் சான்று ஒன்று உண்டு. தில்லியின் முன்னாள் துணை முதலமைச்சர் மனீஷ் சிசோடியாவுக்கு 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் பிணை மறுத்தபோது, விசாரணை ஆறு முதல் எட்டு மாதங்களில் முடிந்துவிடும் என்னும் அரசுத் தரப்பின் உறுதிமொழியைப் பதிவு செய்துகொண்டது. 2024 ஆகஸ்டில் அதே நீதிமன்றம் அவரைப் பிணையில் விடுவித்தபோது அவர் சிறைப்பட்டு 17 மாதங்கள் ஆகியிருந்தன. 493 சாட்சிகள் காத்திருந்தனர். விசாரணை தொடங்கக்கூட இல்லை. அவருடைய அரசியல் பற்றி எவர் என்ன கருத்துக் கொண்டிருப்பினும், இங்கு கவனிக்க வேண்டியது ஒன்று: வாக்குறுதி பொய்த்ததைச் சுட்டிக்காட்ட, மீண்டும் மீண்டும் உச்ச நீதிமன்றப் படியேற அவரால் முடிந்தது. அத்தகைய வாய்ப்பு அந்த 4,34,302 பேரில் மிகச் சிலருக்கே உண்டு.

அவ்வாறெனில் கடைசிப் பத்தியில் என்னதான் எழுதலாம்? விடை சட்டத்திலும் முன்தீர்ப்புகளிலும் ஏற்கெனவே இருக்கிறது. விசாரணை விரைவில் முடியும் வாய்ப்பு இல்லாதபோது, கடுமையான சிறப்புச் சட்டங்களின் கீழும்கூடப் பிணை வழங்க அரசமைப்பு நீதிமன்றங்களுக்கு அதிகாரம் உண்டு என்று 2021இல் கே.ஏ. நஜீப் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு தெளிவுபடுத்தியது. புதிய சட்டத்தின் 479ஆம் பிரிவு, முன்பு எக்குற்றத்துக்காகவும் தண்டிக்கப்படாதவர் உச்ச அளவுத் தண்டனைக் காலத்தில் மூன்றில் ஒரு பங்கையும், பிறர் பாதியையும் விசாரணைக் கைதியாகவே கழித்துவிட்டால் அவர்களைப் பிணையில் விடச் சொல்கிறது. மரண தண்டனைக்கோ ஆயுள் தண்டனைக்கோ உரிய குற்றங்கள் இதற்கு விலக்கு, பல வழக்குகளில் சிக்கியவர்களுக்கும் இது பொருந்தாது. அதற்கான விண்ணப்பத்தைச் சிறைக் கண்காணிப்பாளரே நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும் என்றும் அப்பிரிவு கூறுகிறது. இலக்கண நோக்கில் இது பெரிய மாற்றம்: இங்கு வினைக்கு ஒரு கருத்தா இருக்கிறார், அவருக்குப் பதவிப்பெயர் இருக்கிறது, செயலுக்குக் கணக்கிடத்தக்க நாள் இருக்கிறது.

விரைவுக்கான ஆணையும் இவ்வாறே எழுதப்படலாம். ஆய்வக அறிக்கையை இன்ன நாளுக்குள் இன்னார் அளிக்க வேண்டும். இத்தனை சாட்சிகளைக் காவல் கண்காணிப்பாளர் முன்னிலைப்படுத்த வேண்டும். தவறினால் மனுதாரர் புதிய மனுவின்றியே பிணைக்கு உரியவராவார். இத்தகைய வாக்கியம் வரிசையில் பின்னால் நிற்பவரிடமிருந்து எதையும் எடுப்பதில்லை. தாமதத்தின் செலவை அது கைதியின் கணக்கிலிருந்து அரசின் கணக்குக்கு மாற்றுகிறது. அரசமைப்பு அமர்வு விட்டுவைத்த அசாதாரணச் சூழலுக்கும் இதுவே பொருந்தும்.

தமிழில் 'வழக்கு' என்பது நீதிமன்றத்தில் நடப்பதற்கும் மொழியில் வழங்குவதற்கும் பொதுப்பெயர். மொழியியலார் உலக வழக்கு என்று சொல்லும்போது, மனிதர்கள் நாள்தோறும் வழங்கிவருவதைக் குறிக்கின்றனர், வழங்காதது வழக்கிழந்தது. நீதிமன்ற ஆணைகள் இணையத்தில் எவரும் படிக்கக் கிடைக்கும் இந்நாளில், பிணை மறுப்பு ஆணைகளின் கடைசிப் பத்திகளை மட்டும் திரட்டி, எத்தனையில் 'பணிக்கப்படுகிறது', எத்தனையில் 'கேட்டுக்கொள்ளப்படுகிறது', குறித்த காலத்தில் எத்தனை முடிந்தன என்று பார்ப்பது மொழியியல் மாணவரும் சட்ட மாணவரும் இணைந்து செய்யக்கூடிய ஆய்வு. அதற்குப் பெருநிதி வேண்டியதில்லை. திரட்டுவோர் ஒன்றை மட்டும் மறவாதிருத்தல் நன்று: அத்தரவுத் தொகுப்பில் இடம்பெறுவோர் உயர் நீதிமன்றம் வரை வர முடிந்தவர்கள். வர முடியாதவர்களின் கோப்புகளில் அந்த வரிகூட இராது.